உங்களுக்குத் தெரியுமா? பஸ் பெர்மிட் கிளப்பிய கேள்வி

வில்லியனூரை அடுத்த கீழூரில் 1954 அக்டோபர் 18 அன்று மக்கள் பிரதிநிதிகள் 178 பேர் கூடி வாக்களித்தார்கள். பிரெஞ்சு ஆட்சியில் இருந்த புதுச்சேரி இந்தியாவோடு இணைய 170 பேர் சம்மதம், 8 பேர் மறுப்பு. நவம்பர் 1 முதல் புதுச்சேரி நிர்வாகம் இந்தியாவின் கைக்கு வந்தது.

கைக்கு வந்ததே தவிர, பட்டா மாறவில்லை! அதற்கான ஒப்பந்தம் கையெழுத்தானது 1956 மே 28 அன்று. பிரான்சின் ஒப்புதல் வந்து சேர மேலும் ஆறு ஆண்டுகள்.

இந்த இடைவெளியில்தான் பஸ் பெர்மிட் தகராறு ஒன்று உச்ச நீதிமன்றப் படியேறியது. சட்ட மாணவர்கள் இன்றும் படிக்கும் மஸ்தான் சாகிப் வழக்கு அதுதான். அடிப்படை உரிமை பறிபோனதாக அரசமைப்பின் 32ஆவது பிரிவின்கீழ் மனு. நீதிபதிகளோ அதற்கும் முந்தைய கேள்வியில் நின்றுவிட்டார்கள்: புதுச்சேரி இந்திய ஆட்சிப்பரப்பில் அடங்குமா? மத்திய அரசிடமே கேட்டார்கள். ‘இன்னும் இல்லை’ என்பதே பதிலின் சாரம். நிர்வாகம் வேறு, இறையாண்மை வேறு என்றாகி, 1961 டிசம்பரில் மனு தள்ளுபடியானது.

புதுச்சேரி எல்லையில் உள்ள பாகூர்ப் பக்கத்து வயல்களை நினைத்துப் பாருங்கள். வரப்புக்கு அந்தப் பக்கம் கடலூர்க்காரருக்கு உச்ச நீதிமன்றத்தின் கதவு திறந்திருந்தது. இந்தப் பக்கத்து விவசாயிக்கு இல்லை.

1962 ஆகஸ்ட் 16 அன்று சட்டப்படியான மாற்றம் நடந்தது. அதே ஆண்டு வந்த 14ஆவது திருத்தம் புதுச்சேரியை யூனியன் பிரதேசமாக அரசமைப்பில் ஏற்றியது. கீழூர் நினைவிடத்தில் ஆண்டுதோறும் ஆகஸ்ட் 16 அன்று கொடியேற்றுகிறார்கள்.