நம்பிக்கைக்கு மதிப்பெண் வேண்டாம், வாதத்துக்குக் கொடுங்கள்

2024 ஆகஸ்டில் சென்னையில் ஓர் அரசுப் பள்ளியில், மாணவர்களுக்கு ஊக்கமூட்டும் பேச்சு என்ற பெயரில் நடந்த நிகழ்ச்சி தமிழ்நாடு முழுவதும் விவாதமானது. மேடையில் பேசியவர் முற்பிறவி, மறுபிறவி, பாவ புண்ணியம் என்று போய், உடற்குறையோடு பிறப்பது முன்வினையின் பலன் என்ற இடத்துக்கு வந்து சேர்ந்தார். அங்கிருந்த பார்வை மாற்றுத்திறனாளி ஆசிரியர் ஒருவர் எழுந்து, பள்ளிக்கூடத்தில் இதையெல்லாம் எப்படிப் பேசலாம் என்று நேருக்கு நேர் கேட்டார். பேச்சாளர் கைதானார்; தலைமையாசிரியர் மாற்றப்பட்டார். அந்த ஆசிரியர் கேட்டது முழுக்கச் சரி. ஆனால் அதற்குப் பிறகு பலரும் எடுத்த முடிவு, மத நம்பிக்கை பற்றிய பேச்சே பள்ளி வாசலைத் தாண்டக் கூடாது என்பது. அந்த முடிவை என்னால் ஏற்க முடியவில்லை.

காரணம், நம்பிக்கை ஏற்கெனவே வாசலுக்கு உள்ளேதான் இருக்கிறது. அந்த மேடையில் ஒலித்த முன்வினைக் கோட்பாட்டைத்தான் சிலப்பதிகாரம் தன் மூன்று அடிப்படைகளில் ஒன்றாகச் சொல்கிறது. திருக்குறள் ஊழுக்கென்று ஓர் அதிகாரமே வைத்திருக்கிறது. தேவாரம், திவ்வியப் பிரபந்தம், தேம்பாவணி, சீறாப்புராணம், இரட்சணிய யாத்திரிகம், மணிமேகலை எல்லாம் தலைமுறை தலைமுறையாகத் தமிழ்ப் பாடநூல்களில் இடம்பெற்று வந்தவை. இத்தாலியிலிருந்து வந்த வீரமாமுனிவரையும் உமறுப்புலவரையும் ஆண்டாளையும் ஒரே ஆண்டில் படிக்கும் வாய்ப்பு உலகில் எத்தனை மாணவர்களுக்குக் கிடைக்கும்? இவ்வளவு பெரிய செல்வத்தை நாம் நூற்குறிப்பு, மனப்பாடப் பகுதி, இலக்கணக்குறிப்பு என்று சுருக்கிவிடுகிறோம். ஊழ்வினை பற்றிச் சிலம்பு கூறுவது யாது என்று கேட்கிறோம். கோவலன் செத்தது வினையாலா, விசாரிக்காமல் தீர்ப்பளித்த மன்னனாலா, உன் கருத்து என்ன என்று கேட்பதில்லை. கேட்டால் எவ்வளவு நல்ல கட்டுரைகள் வரும்! கண்ணகி பாண்டியன் அவையில் விதியைச் சொல்லி அழுதுவிட்டுத் திரும்பவில்லை. சிலம்பை உடைத்துச் சான்று காட்டினாள். அதே காப்பியம் கோவலனின் முற்பிறவிக் கதையையும் சொல்கிறது. விதியை நம்பும் வீட்டுப் பிள்ளைக்கும் பகுத்தறிவு பேசும் வீட்டுப் பிள்ளைக்கும் காப்பியத்துக்குள்ளேயே ஆதாரம் இருக்கிறது. ஆனால் இருவரும் உரைநூலில் உள்ள ஒரே விடையை எழுதிவிட்டு வருகிறார்கள். இப்படிப் பழகியவர்களிடம் ஒருவர் மேடையேறி அதே கோட்பாட்டைத் தீர்ப்பாகச் சொன்னால், மறுத்துக் கேட்க அவர்களுக்கு எங்கே பயிற்சி?

சட்டம் தடுக்கிறது என்பார்கள். அரசியலமைப்பின் 28வது பிரிவு, முழுவதும் அரசுப் பணத்தில் நடக்கும் கல்வி நிறுவனத்தில் மதபோதனை கூடாது என்கிறது. அரசு உதவியோ அங்கீகாரமோ பெற்ற நிறுவனத்தில்கூட, விருப்பமில்லாதவரை வழிபாட்டுக்கோ மதபோதனைக்கோ கட்டாயப்படுத்தக் கூடாது என்கிறது. இந்த வேலி அவசியமானது. அந்தச் சென்னைப் பள்ளி மேடையில் தாண்டப்பட்டது இதுதான். ஆனால் வேலி போதனைக்கு மட்டுமே. குருநானக்கின் வாழ்வையும் போதனைகளையும் கல்விப்புலத்தில் ஆராய்வது மதபோதனை ஆகாது என்று 1971இல் டி.ஏ.வி. கல்லூரி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2000ஆம் ஆண்டின் தேசியக் கலைத்திட்டத்தை எதிர்த்து அருணா ராய் தொடுத்த வழக்கிலும், மதங்களைப் பற்றிக் கற்பிப்பது வேறு, மதத்தைப் போதிப்பது வேறு என்ற கோட்டை 2002இல் நீதிமன்றம் மீண்டும் உறுதிசெய்தது. அந்தக் கலைத்திட்டத்தின் உள்நோக்கம் குறித்து எழுந்த சந்தேகங்களை நான் ஒதுக்கிவிடவில்லை. ஆனால் கோடு சரியான கோடு.

அந்தக் கோட்டின் எந்தப் பக்கம் நிற்கிறோம் என்பதை எப்படி அறிவது? மணிமேகலையில் சமயக்கணக்கர்தம் திறம் கேட்ட காதையைப் பாருங்கள். வஞ்சி நகரில் மணிமேகலை சமயவாதிகளை ஒவ்வொருவராகச் சந்தித்து, உங்கள் கொள்கை என்ன என்று கேட்கிறாள். சைவர், வைணவர், வேதவாதி, ஆசீவகர், நிகண்டர், சாங்கியர், கண்ணுக்குத் தெரிவதை மட்டுமே ஒப்பும் பூதவாதி என எல்லாருக்கும் பேச இடம் உண்டு. முதலில் பேசுபவரே அளவைவாதி. எதைக் கொண்டு ஒன்றை உண்மை என அறிகிறோம் என்ற கேள்வி அங்கே கொள்கைகளுக்கு முன்னால் வந்துவிடுகிறது. பூதவாதியிடம் அவள் எதிர்க்கேள்வியும் போடுகிறாள்: அனுமானத்தை ஒப்பாவிட்டால் உன் தாய் தந்தையரை எப்படி அறிவாய்? நூலாசிரியர் சாத்தனார் பௌத்தத்தின் பக்கம் நிற்பவர், கதை அங்கேதான் போய் முடிகிறது. இருந்தும் மற்றவர் வாயை அடைத்துவிட்டு அவர் அங்கே போகவில்லை. இன்றைய பள்ளிகளோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள். இலங்கையில் சமயம் கட்டாயப் பாடம். சைவ மாணவர் சைவநெறியும் முஸ்லிம் மாணவர் இஸ்லாமும் கிறிஸ்தவ மாணவர் கிறிஸ்தவமும் தனித்தனியே படித்து, க.பொ.த. சாதாரண தரத்தில் தேர்வெழுதுகிறார்கள். பிள்ளைக்குத் தன் சமயம் தெரியும். பக்கத்து வகுப்பில் என்ன நடக்கிறதென்று தெரியாது. நம் ஊரில் எந்தச் சமயமும் பேசப்படாத மௌனம். இந்த இரண்டிலும் மணிமேகலை செய்த காரியத்துக்கு இடமில்லை.

மாணவர் எழுத்தில்தான் இந்தச் சிக்கல் கூர்மையாகிறது. அமெரிக்காவின் டென்னசி மாநிலத்தில் 1991இல் ஒன்பதாம் வகுப்பு ஆசிரியை, நான்கு நூல்களையாவது ஆதாரமாகக் கொண்டு ஆய்வுக் கட்டுரை எழுதச் சொன்னார். ஒரு மாணவி முன்அனுமதி பெறாமல் இயேசுவின் வாழ்க்கையை எடுத்துக்கொண்டார். ஆசிரியை மறுத்தார், மாணவி பிடிவாதமாக இருந்தார், மதிப்பெண் பூஜ்யம். சொந்த நம்பிக்கையைப் பற்றிய எழுத்தை நடுநிலையோடு மதிப்பிடுவது கடினம், மாணவிக்கு ஏற்கெனவே தெரிந்த விஷயம் என்பதால் ஆய்வு நடக்காது என்பவை ஆசிரியை சொன்ன காரணங்களில் இரண்டு. 1995இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் பள்ளியின் பக்கம் தீர்ப்பளித்தது. தலைப்பும் மதிப்பெண்ணும் ஆசிரியரின் அதிகாரத்துக்கு உட்பட்டவை என்றது. சட்டப்படி தீர்ப்பு சரியாக இருக்கலாம். கல்விப்படி அந்தப் பூஜ்யம் ஒரு இழப்பு. இயேசுவின் வாழ்க்கையை எழுத வேண்டும் என்றால், நற்செய்தி நூல்கள் எப்போது எழுதப்பட்டன, அவை எங்கே ஒத்துப்போகின்றன, எங்கே வேறுபடுகின்றன, ரோமானிய வரலாற்றாசிரியர் டாசிட்டஸ் என்ன சொல்கிறார் என்று அந்தப் பெண்ணை நான்கு நூல்களுக்கு விரட்டியிருக்கலாம். தீர்ப்பு வந்த அதே 1995இல் அமெரிக்கக் கல்வித்துறை வெளியிட்ட வழிகாட்டுதல் தெளிவானது: மாணவர் தம் மத நம்பிக்கையை வீட்டுப்பாடத்திலும் கட்டுரையிலும் வெளிப்படுத்தலாம், மதம் பேசுகிறது என்பதற்காகக் கூட்டவோ குறைக்கவோ கூடாது, பொருளும் பொருத்தமும் மட்டுமே அளவுகோல்.

இந்த அளவுகோல் இரண்டு பக்கமும் வெட்டும். உயிரியல் தேர்வில் பரிணாமம் பற்றிய கேள்விக்கு, கடவுள் படைத்தார் என்று எழுதினால் மதிப்பெண் கிடையாது; கேட்டது அறிவியலின் விளக்கம். தமிழ்க் கட்டுரையில், விதி உண்டு என்று ஒருவர் பாடத்திலிருந்து சான்று காட்டி, எதிர்வாதத்தையும் சந்தித்து எழுதினால், திருத்துபவர் நாத்திகராக இருந்தாலும் முழு மதிப்பெண் தர வேண்டும். வெறும் வசையாக எழுதப்பட்ட நாத்திகத்துக்கும் குறைக்க வேண்டும். மூடநம்பிக்கைக்கு வகுப்பில் ஏன் இடம் என்று கேட்கும் பகுத்தறிவாளர்கள் மேல் எனக்கு மதிப்பு உண்டு. அரசியலமைப்பின் 51ஏ பிரிவு அறிவியல் மனப்பான்மையையும் கேட்டறியும் இயல்பையும் கடமையாகச் சொல்வதை அவர்கள் சரியாகவே நினைவூட்டுகிறார்கள். ஆனால் வெளியே சொல்லவே வாய்ப்பில்லாத ஒரு நம்பிக்கையை யார் கேள்வி கேட்பது? அது வீட்டிலும் செல்போனிலும் எதிர்ப்பே காணாமல் வளர்கிறது.

நான் அதிகம் அஞ்சும் மறுப்பு வேறு. ஆசிரியருக்கும் சாதி உண்டு, மதம் உண்டு. நாற்பது பேர் கொண்ட வகுப்பில் ஒரே ஒரு முஸ்லிம் மாணவியை, ஒரே ஒரு கிறிஸ்தவ மாணவனை எழுப்பி, உன் மதம் என்ன சொல்கிறது என்று கேட்டால் அது கல்வியாகாது, காட்சிப்படுத்தல். இந்த ஆபத்து உண்மையானது, அதனால்தான் எழுத்து முக்கியமாகிறது. யாரும் தம் சொந்த நம்பிக்கையைச் சொல்லியாக வேண்டும் என்று கேட்கக் கூடாது. கேள்வி எப்போதும் பாடத்தில் உள்ள நூலைப் பற்றியதாக இருக்க வேண்டும். ஆசிரியர் தம் மதத்தை மேசைக்கு மேலே வைக்கக் கூடாது. கேரளத்தைக் காட்டி எச்சரிப்பவர்களும் உண்டு. 2008இல் ஏழாம் வகுப்புச் சமூக அறிவியலில் வந்த, மதமில்லாத ஜீவன் என்ற பாடத்துக்கு எதிரான போராட்டங்களின்போது மலப்புரம் மாவட்டத்தில் தாக்கப்பட்ட ஒரு தலைமையாசிரியர் உயிரிழந்தார். 2010இல் தொடுபுழா கல்லூரிப் பேராசிரியர் டி.ஜே. ஜோசப்பின் கை மூவாற்றுப்புழாவில் வெட்டப்பட்டது. நிறுத்தக்குறி இடச் சொல்லி வினாத்தாளில் கொடுத்த ஒரு உரையாடல்தான் காரணமாகச் சொல்லப்பட்டது, கல்லூரியும் அவரைப் பணிநீக்கம் செய்தது. பயப்படாதீர்கள் என்று ஆசிரியர்களிடம் சொல்ல எனக்கு உரிமையில்லை. அவர்களைத் தனியே விடமாட்டோம் என்று சொல்ல வேண்டியது அரசும் பள்ளி நிர்வாகமும்தான்.

ஆகவே பள்ளிக்கல்வித் துறைக்கு ஒரு வேண்டுகோள். வகுப்பறைக்குள் யார் வந்து பேசலாம் என்பதற்கு விதிமுறை வகுப்பதோடு நிறுத்திவிடாதீர்கள். வகுப்பறையில் மாணவர் என்ன எழுதலாம், அதை எப்படித் திருத்த வேண்டும் என்பதையும் எழுத்தில் தாருங்கள். மேல்நிலைத் தமிழ்த் தேர்வில், ஒரு நூலின் கொள்கையை ஏற்றோ மறுத்தோ வாதிடச் சொல்லும் ஒரு நெடுவினாவையாவது வையுங்கள். எந்தப் பக்கம் எழுதினாலும் மதிப்பெண் குறையாது என்பதை வினாத்தாளிலேயே அச்சிடுங்கள்.