மௌனப் படத்தில் ஒரு கொலை வழக்கு

பேச்சே இல்லாத படத்தில் குற்றக் கதை சொல்ல முடியுமா?

முடியும் என்று பிரான்ஸ் 1913ஆம் ஆண்டிலேயே காட்டிவிட்டது. லூயி ஃபுயாட் எடுத்த ‘ஃபான்டோமாஸ்’ படங்களில், கறுப்பு முகமூடிக் கொள்ளைக்காரன் ஒவ்வொரு முறையும் பொலிசாரின் பிடியிலிருந்து நழுவிவிடுவான்.

பம்பாய்க்காரர்களுக்கோ கற்பனை தேவைப்படவில்லை. 1925 ஜனவரியில், மலபார் ஹில்லில் காரில் போய்க்கொண்டிருந்த வணிகர் அப்துல் காதர் பாவ்லா சுட்டுக் கொல்லப்பட்டார். வந்தவர்களின் குறி, இந்தூர் அரண்மனையை விட்டு வெளியேறி அவரோடு வாழ்ந்த நடனமணி மும்தாஜ் பேகம். அவரைக் கடத்திப் போக வேண்டும். முகத்தைக் கத்தியால் கீறினார்கள். நல்ல வேளையாக, கோல்ஃப் விளையாடிவிட்டு அந்த வழியே வந்த ஆங்கிலேய அதிகாரிகள் மட்டையும் கையுமாகப் பாய்ந்து அவரைக் காப்பாற்றினார்கள்.

ஊரெல்லாம் இதே பேச்சு. அந்த வருடமே ஹோமி மாஸ்டர் இந்தச் சம்பவத்தை ‘குலீன் காந்தா’ என்ற மௌனப் படமாக எடுத்துவிட்டார்!

ஆனால் உண்மையான துணிச்சல் மும்தாஜுடையதுதான். அந்தக் காயத்தோடு நீதிமன்றம் ஏறிச் சாட்சி சொன்னார். வழக்கில் சந்தேகம் தன் பக்கம் திரும்ப, இந்தூர் மகாராஜா மறு வருடம் அரியணையைத் துறந்தார்.