தடுமாறிப் பேசிய கோமாளி

மேடைக்கு ஒருவர் வருகிறார். முகத்தில் பயம். உடைந்த ஆங்கிலத்தில் ஒரு பகிடி சொல்கிறார். எவருக்கும் சிரிப்பு வரவில்லை. அடுத்து, ஜனாதிபதி காட்டரைப் போலப் பேசிக் காட்டுவதாகச் சொல்லிவிட்டு, அதே தடுமாறும் குரலில் "நான் காட்டர்" என்கிறார். சபையில் சிலர் சங்கடத்தில் நெளிகிறார்கள், சிலர் அவரைப் பார்த்தே சிரிக்கிறார்கள். கடைசியாக எல்விஸ் பிரெஸ்லியாக மாறப் போகிறேன் என்று கிற்றாரை எடுத்துத் திரும்புகிறார். அச்சொட்டாக எல்விஸ்! அப்போதுதான் சபைக்கு விளங்குகிறது, இவ்வளவு நேரமும் மாட்டிக்கொண்டது தாங்கள்தான் என்று.

அவர் அன்டி கோஃப்மன். 1949இல் நியூயோர்க்கில் பிறந்த அமெரிக்கர். அந்த 'வெளிநாட்டு மனிதர்' பாத்திரமே 1978இல் தொடங்கிய 'டக்ஸி' தொலைக்காட்சித் தொடரில் மெக்கானிக் லட்காவாக மாறியது. சிரிக்க வந்தவர்கள் முன்னால் ஒரு நாவலை எடுத்து வாசித்துக்கொண்டே நின்றதும் உண்டு. (எழும்பிப் போனவர்களை நான் குறை சொல்லமாட்டேன்.) 1984இல், 35 வயதில், நுரையீரல் புற்றுநோயால் இறந்தார்.

இந்தச் சிரிப்பு நமக்கும் புதிதல்ல. இலங்கை வானொலியில் புகழ்பெற்று 1976இல் திரைப்படமாகவும் வந்த 'கோமாளிகள்' மூத்தவர்களுக்கு நினைவிருக்கும். அப்புக்குட்டியின் யாழ்ப்பாணத் தமிழ், மரிக்காரின் முஸ்லிம் தமிழ், உபாலியின் சிங்களம் கலந்த தமிழ். மரிக்காராக நடித்த ராம்தாஸ் முஸ்லிம் அல்லர். ஐயராக நடித்தவரோ அப்துல் ஹமீட். ஒருவர் பேச்சை மற்றவர் எடுத்துக்கொண்டதால் அந்தச் சிரிப்பில் காயம் குறைவு என்றே நினைக்கிறேன்.

காரியாலயங்களில் நடப்பது வேறு. காணாமல் போன கணவரைப் பற்றி முறையிடப் போகும் பெண், தெரிந்த நாலு சிங்களச் சொற்களைக் கோத்துப் பேசுகிறாள். மேசைக்கு அப்பால் ஒரு சிரிப்பு. அவளும் வெட்கத்தில் சிரித்துவிட்டு, சொல்ல வந்ததில் பாதியை விழுங்கிக்கொண்டு வருகிறாள். கோஃப்மனிடம் கடைசியில் காட்ட ஒரு எல்விஸ் இருந்தார். இவளிடம் இருப்பது ஒரு கோவைக் கட்டு மட்டும்.

1956இல் சிங்களம் மட்டும் சட்டம் வந்தது. 1987இல் 13ஆவது திருத்தம் தமிழையும் அரச கரும மொழியாக்கியது. வடக்கு கிழக்கில் தமிழ் நிர்வாக மொழியும்கூட. அதாவது, உடைந்த சிங்களம் பேசியே ஆகவேண்டும் என்ற கட்டாயம் அவளுக்கு இல்லை. மறுக்கப்பட்டால் அரசகரும மொழிகள் ஆணைக்குழுவுக்குத் தமிழிலேயே முறைப்பாடு எழுதலாம்.

குறிஞ்சாக்கேணியில் எங்கள் ஒன்றுகூடல் ஒன்றில் இதையே நடித்துப் பார்த்தோம். காரியாலயத்தில் சிரிப்புக்கு ஆளான ராத்தா ஒருவர் அதிகாரி வேடம் கட்டி, உடைந்த தமிழில் கேள்வி கேட்டார். வயிறு நோகச் சிரித்தோம். ஒரு இளம் பெண் மட்டும் சிரிக்காமல் கையை உயர்த்தினாள்: "ராத்தா, அந்த முறைப்பாட்டை எந்த விலாசத்துக்கு அனுப்புற?"

அன்று ஐந்து கடிதங்கள் எழுதினோம்.