கட்டிக் கொடுத்தவருக்குக் காசு எங்கே?

1944-ஆம் ஆண்டு. முந்தைய ஆண்டுப் பஞ்சத்தில் வங்காளம் நொறுங்கிப்போயிருந்தது. ஹூக்ளி மாவட்டம் ஆரம்பாக்கில், குடிமைப்பொருள் வழங்கல் துறைக்காக மண் சாலை, காவலர் அறை, அலுவலகம், சமையலறை, பிறகு சேமிப்புக் கொட்டகைகள் என்று பி.கே. மண்டல் அண்ட் சன்ஸ் நிறுவனம் கட்டிக் கொடுத்தது. எஸ்டிமேட் கேட்டதும் அதிகாரிகள்தான், வேலையைத் தொடங்கச் சொன்னதும் அவர்கள்தான். கட்டி முடித்தவற்றைத் துறை பயன்படுத்திக்கொண்டது. பில் தொகை 19,325 ரூபாய் சொச்சம். அதைக் கொடுக்க அரசு மறுத்தது.

அரசின் வாதம் இதுதான்: ஒப்பந்தம் ஆளுநர் பெயரில் எழுதப்படவில்லை, அதிகாரம் பெற்றவர் கையெழுத்திடவில்லை. 1935-ஆம் ஆண்டு இந்திய அரசுச் சட்டப்படி அது செல்லாது. இன்றைய அரசமைப்புச் சட்டத்தின் 299-ஆவது பிரிவும் மத்திய, மாநில அரசுகளின் ஒப்பந்தங்களுக்கு இதே முறையைத்தான் கேட்கிறது.

ஒப்பந்தம் செல்லாது என்பதை உச்ச நீதிமன்றமும் ஏற்றது. ஆனாலும் 1961 டிசம்பரில் வந்த தீர்ப்பு நிறுவனத்தின் பக்கமே நின்றது. நீதிபதி கஜேந்திரகட்கர் எழுதிய பெரும்பான்மைத் தீர்ப்பு, 1872-ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 70-ஆவது பிரிவைக் கையில் எடுத்தது. ஒருவர் சட்டத்துக்கு உட்பட்டு ஒரு வேலையைச் செய்கிறார். அதை இலவசமாகச் செய்யும் எண்ணம் அவருக்கு இல்லை. மற்றவர் அதன் பலனை அனுபவிக்கிறார். இந்த மூன்றும் இருந்தால் பலனடைந்தவர் ஈடு கொடுத்தாக வேண்டும். வேண்டாமென்றால் கொட்டகையைப் பிரித்து எடுத்துப்போகச் சொல்லியிருக்கலாம். ஏற்றுக்கொண்டு பயன்படுத்திய பிறகு கைவிரிக்க முடியாது. எவ்வளவு நேரான நியாயம்! ஆனால் அதைப் பெற அந்த நிறுவனம் 17 ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது.

இதே பிரிவை அரசே தனக்காகப் பயன்படுத்தியதும் உண்டு, அதுவும் நம் ஊர்ப் பக்கம். 1894-இல் சென்னை உயர் நீதிமன்றத்துக்கு வந்த தாமோதர முதலியார் வழக்கு ஓர் ஏரியைப் பற்றியது. அந்த ஏரித் தண்ணீர் அரசு கிராமங்களுக்கும் பாய்ந்தது, ஜமீன் கிராமங்களுக்கும் பாய்ந்தது. மராமத்துச் செய்த அரசு, ஜமீன்தார்களிடம் பங்கு கேட்டது. யாரும் கேட்டு அந்த வேலை நடக்கவில்லை. ஆனாலும் பலனடைந்தவர்கள் செலவில் பங்கு தர வேண்டும் என்றது நீதிமன்றம். அரசு வாங்குவதற்கு உதவிய சட்டம், அரசு கொடுப்பதற்கும் பொருந்தத்தானே வேண்டும்?

ஒன்றைத் தெளிவாகச் சொல்ல வேண்டும். இது முறைகேடுகளுக்குப் போர்வை அல்ல. அதிகாரியோடு கைகோத்துப் போலி அளவு எழுதியவருக்கும், யாரும் ஏற்காத வேலையைச் செய்தவருக்கும் இந்தப் பிரிவு உதவாது. செல்லாத ஒப்பந்தத்தில் குறித்த விலையைக் கேட்கும் உரிமையும் இல்லை. செய்த வேலைக்கு நியாயமான மதிப்பு மட்டுமே கிடைக்கும்.

அவசரம் என்று வாய்மொழியாக வேலை வாங்கும் அதிகாரிகள், பில் வரும்போது விதிப் புத்தகத்தைத் தேடக் கூடாது. கோப்பைச் சரியாக நடத்துவது அவர்கள் கடமை. அதில் விழுந்த ஓட்டைக்குச் சிறு ஒப்பந்ததாரரும் அவரை நம்பிய கொத்தனாரும் சித்தாளும் பலியாவது அநியாயம்.

ஒப்பந்ததாரர்களும் விழிப்போடு இருக்க வேண்டும். பணி ஆணையை எழுத்தில் கேளுங்கள். எம்-புக் எனப்படும் அளவுப் புத்தகப் பதிவின் நகல், தேதியோடு எடுத்த படங்கள், ஒப்படைத்ததற்கான கடிதம் ஆகியவற்றைப் பத்திரப்படுத்துங்கள். பேசிப் பார்ப்போம் என்று காலத்தைக் கடத்தாதீர்கள்: செய்த வேலைக்கான தொகை கேட்டு வழக்குத் தொடரக் காலவரம்புச் சட்டம் பொதுவாகத் தருவது, வேலை முடிந்ததிலிருந்து 3 ஆண்டுகள்தான்.