துப்பாக்கி வழக்கில் குற்றச்சாட்டு வனைந்துவிட்டார்களா? எதிர்க்க வழி உண்டு

உரிமம் இல்லாமல் துப்பாக்கியோ தோட்டாவோ வைத்திருந்ததாக வழக்கு. போலீஸ் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்துவிட்டது. நீதிமன்றமும் குற்றச்சாட்டு வனைந்து சாட்சி விசாரணைக்கு வாய்தா போட்டுவிட்டது. ‘இனி ஒன்றும் செய்ய முடியாது’ என்று பல குடும்பங்கள் இந்தக் கட்டத்தில் சோர்ந்துபோகின்றன. குற்றச்சாட்டு வனைவது தண்டனை அல்ல. வழக்கை நடத்த முகாந்திரம் இருக்கிறது என்ற முதற்கட்ட முடிவுதான். அந்த முடிவை எதிர்க்கச் சட்டமே இடம் தருகிறது.

ஆபத்து எவ்வளவு?

1959-ஆம் ஆண்டின் ஆயுதச் சட்டம் 2019-இல் கடுமையாக்கப்பட்டது. உரிமமின்றிச் சாதாரணத் துப்பாக்கி வைத்திருந்தால் 2 முதல் 5 ஆண்டு வரை சிறை. தடைசெய்யப்பட்ட ரகம் என்றால் 7 முதல் 14 ஆண்டு வரை. அபராதம் தனி. எனவே அலட்சியம் கூடாது.

முதல் வாய்ப்பு: விடுவிப்பு மனு

குற்றச்சாட்டு வனைவதற்கு முன்பே ‘என்னை வழக்கிலிருந்து விடுவியுங்கள்’ என்று கேட்கலாம். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்ற குற்றவியல் நடைமுறைச் சட்டம் இதற்குக் கெடு வைத்திருக்கிறது. நடுவர் நீதிமன்ற வழக்கில், ஆவண நகல்கள் கிடைத்த நாளிலிருந்து 60 நாள். செஷன்ஸ் வழக்கில், அந்த நீதிமன்றத்துக்கு ஒப்படைக்கப்பட்ட நாளிலிருந்து 60 நாள்.

அடுத்த வாய்ப்பு: சீராய்வு மனு

மனு தள்ளுபடியாகிக் குற்றச்சாட்டு வனையப்பட்டால், 90 நாளுக்குள் சீராய்வு மனு போடலாம். இது செல்லும் என்று 2018-இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. நடுவரின் உத்தரவை எதிர்த்து செஷன்ஸ் நீதிமன்றத்துக்கோ உயர் நீதிமன்றத்துக்கோ போகலாம். ஓரிடத்தில் சீராய்வு கேட்டவர் மறு இடத்தில் மீண்டும் கேட்க முடியாது. மனு போட்டதாலேயே கீழ்க்கோர்ட் விசாரணை நின்றுவிடாது. தடையுத்தரவு தனியாகப் பெற வேண்டும். அதுவரை வாய்தா தவறினால் பிடிவாரண்டு வரும்.

எதைச் சொல்லி எதிர்ப்பது?

‘நான் நிரபராதி, என் சாட்சியைக் கேளுங்கள்’ என்பது இந்தக் கட்டத்தில் எடுபடாது. குற்றம் சாட்டப்பட்டவர் தரும் ஆவணங்களை இப்போது பார்க்கத் தேவையில்லை என்பது 2004-ஆம் ஆண்டின் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. போலீஸ் கொடுத்த காகிதங்களில் உள்ள ஓட்டையைத்தான் காட்ட வேண்டும்.

* ஆயுதம் தன்னிடம் இருப்பது குற்றம் சாட்டப்பட்டவருக்குத் தெரியுமா? அறிந்து வைத்திருப்பதே குற்றம் என்று 1972-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. விமான நிலையச் சோதனையில் பைக்குள் ஒற்றைத் தோட்டா சிக்கிய வழக்குகள் பலவற்றை டெல்லி உயர் நீதிமன்றம் இந்த அடிப்படையில் ரத்து செய்திருக்கிறது.
* உரிமம் வேண்டும் என்று சொல்லும் ஆயுதச் சட்டப் பிரிவு 3-ஐ மீறியதாக வழக்கு என்றால், மாவட்ட ஆட்சியரின் முன் அனுமதி இருக்கிறதா? காவல் ஆணையர் உள்ள நகரங்களில் அவருடைய அனுமதி வேண்டும். அதே சட்டத்தின் பிரிவு 39-இன்படி இது கட்டாயம். இந்தக் குறையை ஆரம்பத்திலேயே எழுப்ப வேண்டும். பிறகு சொன்னால் ‘அப்போதே ஏன் சொல்லவில்லை’ என்ற கேள்வி வரும்.
* பிடிபட்டது சட்டம் சொல்லும் ஆயுதம்தான் என்பதற்குத் தடய அறிவியல் அறிக்கை இருக்கிறதா?

சீராய்வு தோற்றாலும் வழக்கு தோற்றதாகாது. சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்யும் உரிமையும், தண்டனை வந்தால் மேல்முறையீட்டு உரிமையும் அப்படியே இருக்கின்றன.

வக்கீல் வைக்க வசதியில்லையா? காவலில் இருப்பவர்கள், பெண்கள், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி உண்டு. 15100 என்ற எண்ணை அழையுங்கள். குற்றப்பத்திரிகை நகலும் உத்தரவு நகலும் உடனே வாங்கி, கெடு முடியும் தேதியைக் குறித்து வையுங்கள்.