ஆக்டேவோ: சிரிப்பில் பிறந்த மந்திர நூல்

ஆக்டேவோ என்பது ஆங்கில எழுத்தாளர் டெரி பிராட்செட் (1948–2015) தம் டிஸ்க்வேர்ல்ட் நாவல்களுக்காகக் கற்பனை செய்த மந்திர நூல். உலகைப் படைத்தவர் படைப்புக்குப் பயன்படுத்திய எட்டுப் பெருமந்திரங்கள் அதில் அடங்கியுள்ளன. வேலை முடிந்ததும் அவர் ஞாபகமறதியாக நூலை அங்கேயே விட்டுவிட்டுப் போய்விட்டார். இதன் கதை 1983-இல் வெளிவந்த 'தி கலர் ஆஃப் மேஜிக்', 1986-இல் வெளிவந்த 'தி லைட் ஃபென்டாஸ்டிக்' ஆகிய இரு நாவல்களில் சொல்லப்படுகிறது.

இந்த நாவல்கள் நிகழும் உலகம் உருண்டையானதல்ல, தட்டையான வட்டம். அதை நான்கு யானைகள் சுமக்கின்றன. அந்த யானைகள் விண்வெளியில் நீந்தும் பேராமை ஒன்றின் முதுகில் நிற்கின்றன. பூமியை யானையும், யானையை ஆமையும் தாங்குவதாக இந்தியர் நம்புவதாய் ஐரோப்பியர் நெடுங்காலம் எழுதிவந்தனர். 1690-இல் தத்துவ அறிஞர் ஜான் லாக்கும் தம் நூலில் இதைக் குறிப்பிட்டார். நம் புராணங்களில் திசை யானைகள் எட்டு. பிராட்செட் நான்கோடு நிறுத்திக்கொண்டார்.

ஆனால் எட்டு என்ற எண்ணை அவர் விடவில்லை. டிஸ்க்வேர்ல்டில் மந்திரத்துக்குரிய எண் அதுதான். எட்டாவது மகனுக்கு எட்டாவது மகனாகப் பிறப்பவன் மந்திரவாதியாவான். வானவில்லில் 'ஆக்டரின்' என்ற எட்டாவது நிறம் உண்டு. அது மந்திரவாதிகளின் கண்ணுக்கும் பூனைகளின் கண்ணுக்கும் மட்டுமே தெரியும். அந்த எண்ணை வாய்விட்டுச் சொல்வதே ஆபத்து என்று மந்திரவாதிகள் அஞ்சுகிறார்கள்.

அன்சீன் பல்கலைக்கழகம் என்னும் மந்திரவாதிகளின் கல்விக்கூடத்தில், நிலத்தடியில் ஆக்டேவோ வைக்கப்பட்டிருக்கிறது. அறைச் சுவர்களில் காவல் குறிகள். நூலைச் சுற்றிப் பூட்டுகள் தொங்கும் கனத்த சங்கிலி. சங்கிலியிட்ட நூலகங்கள் நடுக்கால ஐரோப்பாவில் உண்மையிலேயே இருந்தன. இங்கிலாந்தின் ஹெர்ஃபோர்டு தேவாலயத்தில் அப்படி ஒன்றை இன்றும் காணலாம். அங்கே சங்கிலி வாசகரிடமிருந்து நூலைக் காக்கிறது. அன்சீன் பல்கலைக்கழகத்தில் அது நூலிடமிருந்து வாசகரைக் காக்கிறது.

காவலை மீறி அந்த நூலைத் திறந்தவன் ரின்ஸ்விண்ட் என்ற மக்கு மாணவன். பந்தயத்துக்காக அவன் அட்டையைத் திறந்ததும், எட்டு மந்திரங்களில் ஒன்று தாவி அவன் மண்டைக்குள் குடியேறிவிட்டது. அதன் அருகே தங்க மற்ற மந்திரங்கள் பயப்படுவதால் அவனால் வேறு எதையும் கற்க முடியவில்லை. பல்கலைக்கழகம் அவனை வெளியேற்றியது. உலகின் மிகப் பெரிய மந்திரத்தைச் சுமப்பவனுக்கு, ஆபத்து கண்டால் ஓடுவதைத் தவிர ஒரு வித்தையும் தெரியாது.

அவன் செத்தால் தலையில் இருக்கும் மந்திரமும் அழிந்துவிடும். எனவே அவன் உலகின் விளிம்பிலிருந்து விழுந்தபோது, அவனைக் காப்பாற்ற ஆக்டேவோ உலகையே சற்று மாற்றி அமைக்கிறது. அப்போது எழுந்த மந்திர வெடிப்பில் பல்கலைக்கழக நூலகர் ஒராங்குட்டானாக மாறிவிடுகிறார். உயரமான அலமாரிகளில் ஏறவும் தொங்கவும் நீண்ட கைகள் வசதியாக இருப்பதால், மீண்டும் மனிதனாக மாற அவர் மறுக்கிறார். அவர் பேசுவது 'ஊக்' என்ற ஒரே சொல்; அவரைக் குரங்கு என்று அழைப்பவர் அடிபடாமல் தப்புவதில்லை. தொடரின் மிகப் பிரபலமான பாத்திரங்களில் ஒருவராக அவர் வளர்ந்தார். பிற்காலத்தில் பிராட்செட் ஒராங்குட்டான் பாதுகாப்பு அமைப்பு ஒன்றின் அறங்காவலராகவும் பணியாற்றினார்.

கதையின் உச்சத்தில் ஆமை ஒரு சிவப்பு விண்மீனை நோக்கி நீந்துகிறது. உலகம் அழியப்போகிறது என்று மக்கள் கலங்குகின்றனர். எட்டு மந்திரங்களையும் உரிய நேரத்தில் சேர்த்துச் சொல்ல வேண்டும். அதிகார ஆசை கொண்ட டிரைமன் என்ற மந்திரவாதி தன்னிடம் உள்ள ஏழு மந்திரங்களை மட்டும் சொல்லிச் சித்தம் சிதைகிறான். பின்னர் ரின்ஸ்விண்ட் எட்டையும் சொல்லி முடிக்கும்போது ஆமை அங்கே வந்த காரணம் புரிகிறது: விண்மீனைச் சுற்றிக் கிடந்த முட்டைகள் பொரிந்து எட்டுக் குட்டி ஆமைகள் வெளிவருகின்றன. எல்லோரும் பேரழிவு என்று அஞ்சியது பிரசவம். ஆக்டேவோவையோ, காலால் நடக்கும் மரப்பெட்டி ஒன்று விழுங்கிவிடுகிறது.

இந்தக் கற்பனைக்கு முன்னோடிகள் உண்டு. அமெரிக்க எழுத்தாளர் எச்.பி. லவ்கிராஃப்ட் 1920-களில் 'நெக்ரோனோமிகான்' என்ற பயங்கர நூலைத் தம் கதைகளுக்காகப் புனைந்தார். அது உண்மையில் இருப்பதாகப் பலர் நம்பினர்; 1970-களில் அதே பெயரில் நூல்களும் அச்சாகி விற்பனைக்கு வந்தன. பிராட்செட் அதை 'நெக்ரோடெலிகாம்னிகான்' ஆக்கி, அதன் ஆசிரியராக 'பைத்தியக்கார அக்மத்' என்பவரை வைத்தார். அந்தப் பட்டம் பிடிக்காத அவர், தமக்கு வெறும் தலைவலிதான் என்கிறார். இந்த நாவல்களில் வரும், ஒருமுறை சொன்னதும் நினைவிலிருந்து மறையும் மந்திரங்கள், எழுத்தாளர் ஜாக் வான்ஸ் 1950-இல் வெளியிட்ட 'தி டையிங் எர்த்' கதைகளிலிருந்து வந்தவை.

ஆக்டேவோவின் நகைச்சுவை, மந்திரத்தை மறுப்பதால் பிறப்பதல்ல. அதை அளவுக்கு மீறி நம்புவதால் பிறக்கிறது. மந்திரம் உண்மை என்றால் அதற்கு அளவையும் விதியும் பாதுகாப்பு ஏற்பாடும் வேண்டும் அல்லவா? எனவே டிஸ்க்வேர்ல்டில் மந்திரத்தின் அலகு 'தாம்'. ஒரு சின்ன வெள்ளைப் புறாவையோ மூன்று பில்லியர்ட்ஸ் பந்துகளையோ உண்டாக்கத் தேவைப்படும் ஆற்றல் ஒரு தாம். ஒரு வேலையைக் கையால் செய்தாலும் மந்திரத்தால் செய்தாலும் உழைப்பு ஒன்றுதான் என்ற விதியும் உண்டு. தொடரின் முதல் நாவல்கள் வெளிவந்தபோது பிராட்செட் பிரிட்டனின் மின்உற்பத்தி வாரியத்தில் அணுமின் நிலையங்களுக்கான செய்தித் தொடர்பாளராக வேலை பார்த்தார். அவருடைய மந்திர நூல் கதிரியக்கப் பொருளுக்குரிய எச்சரிக்கையோடு கையாளப்படுவது தற்செயலாகத் தோன்றவில்லை.

டிஸ்க்வேர்ல்ட் வரிசையில் மொத்தம் 41 நாவல்கள் உள்ளன. கடைசி நாவல் 2015-இல், ஆசிரியர் மறைந்த பின் வெளிவந்தது. பெரும்பாலானவற்றைத் தனித்தனியே படிக்கலாம். ஆக்டேவோவை அறிய விரும்புவோர் மட்டும் முதல் இரண்டையும் சேர்த்தே வாங்க வேண்டும். முதல் நாவல், ரின்ஸ்விண்ட் உலகின் விளிம்பிலிருந்து விழும் இடத்தில் நின்றுவிடுகிறது.