பதின்மூவர் காத்த பற்றைக்காடு

எம் கல்லூரி மாணவர் பலர் இன்று குடியிருக்கும் சிட்னி மாநகரிலே, பரமட்டா, லேன் கோவ் என்னும் இரண்டு ஆறுகளுக்கிடையே அமைந்தது ஹன்டர்ஸ் ஹில். பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஜூபேர் என்னும் பிரெஞ்சு உடன்பிறந்தார் கட்டுவித்த மணற்கல் இல்லங்கள் அங்கே மரநிழலில் இன்றும் நிற்கின்றன. எனினும் அவ்வூரின் இயல்பை யாம் உணர்வது ஆற்றோரத்துக் கெல்லீஸ் புஷ் என்னும் பற்றைக்காட்டினாலேயாம்.

அக்காட்டை அழித்து வீடுகள் கட்ட ஒரு நிறுவனம் முற்பட்டது. 1970ஆம் ஆண்டிலே பதின்மூன்று பெண்மணிகள் கூடிச் சங்கம் அமைத்தனர். நகரசபை முதலாக மாநில முதலமைச்சர் ஈறாக யாவரிடமும் முறையிட்டும் பயனில்லை. பின்னர் அவர்கள் நாடியது யாரை? கட்டடத் தொழிலாளர் சங்கத்தை! செல்வர் மனையாட்டியரும் இடதுசாரித் தொழிலாளரும் ஓரணியில் நிற்றல் எந்நாட்டிலும் அரிதன்றோ?

ஊரார் பொதுக்கூட்டங் கூடி வேண்டவே, 1971இல் அச்சங்கம் அவ்விடத்தில் வேலை செய்ய மறுத்தது. வேறு ஆட்களைக்கொண்டு பணி நடத்த நிறுவனம் எண்ணிற்று. காட்டில் ஒரு மரம் வீழினும், தாம் கட்டிவரும் அந்நிறுவனத்தின் மாளிகை என்றும் அரைகுறையாகவே நிற்குமெனப் பிறிதோரிடத்துத் தொழிலாளர் அறிவித்தனர். 'பசுமைத் தடை' எனப் பின்னர் பெயர்பெற்றவற்றுள் இதுவே முதலாவது.

1983இல் அரசாங்கம் அக்காட்டைப் பொதுமக்களுக்குரியதாக்கியது. இன்று அங்கே எவரும் உலாவலாம்.